படம் இல்லாத ஒட்டு

சவர்க்காரத் தண்ணீரில் குமிழி வராவிட்டால் நான் வீட்டுக்குப் போகலாம். என் தொழிலின் மனச்சாட்சி அவ்வளவுதான். இருபது வருடமாக றொறன்ரோவில் வீட்டைச் சூடாக்குகிற ஃபேர்னஸ் திருத்துகிறேன். அஜக்ஸில் படுத்து, 401 நெடுஞ்சாலையில் வாழ்ந்து, பிறர் வீட்டு நிலவறைகளில், பேஸ்மன்றுகளில், முழங்காலில் நிற்கிற பிழைப்பு. வாயுக் குழாயின் பொருத்தில் தூரிகையால் சவர்க்காரத் தண்ணீரைத் தடவிவிட்டு மூச்சை அடக்கிக்கொண்டு பார்ப்பேன். குமிழி பூத்தால் கசிவு. பூக்காவிட்டால் தூசியைத் தட்டிக்கொண்டு எழும்பி, அடுத்த வீடு, அடுத்த குளிர்.

ஸ்காபரோவில் ஒரு வீட்டில் அப்படி எழும்பும்போது, படிக்கட்டில் நின்று பார்த்துக்கொண்டிருந்த வீட்டுக்காரர் கேட்டார்.

“பின்பக்கம் பாத்தனீரே தம்பி?”

“பின்பக்கம் சுவரோட கிடக்குது அண்ணை. கண் போகாது.”

“கண் போகாத இடத்திலைதான் கசியும். கண்ணாடி வைச்சிருக்கிறீரே?”

என்னிடம் கண்ணாடி இல்லை. அவர் மேலே போய், மனைவியின் பவுடர் டப்பாவிலிருந்த சின்ன வட்டக் கண்ணாடியை எடுத்துக்கொண்டு வந்தார். மேலேயிருந்து ஒரு குரல் துரத்தி வந்தது: “உதிலை எண்ணெய் பூசிக்கொண்டு வந்தீங்களெண்டா தெரியும்!” அவர் காதில் வாங்கவில்லை. கண்ணாடியைச் சுவருக்கும் குழாய்க்கும் நடுவே விட்டு, தலையைச் சரித்து, ஒரு நிமிடம் பார்த்தார். “ம்” என்றார். அந்த “ம்” எனக்குக் கிடைத்த எந்தச் சான்றிதழையும்விடப் பெரிதாக இருந்தது.

அன்றைக்குத் தேத்தண்ணி குடிக்கும்போது தெரிந்தது, அவர் ஒஷாவாவில் ஒரு தொழிற்சாலையில் வெல்டிங் செய்த இரும்பு ஒட்டுகளைப் பரிசோதித்து ஓய்வுபெற்றவர் என்று. அதற்கு முன்பு, சோவியத் காலத்தில், கியெவ் நகரத்துக்குப் பொறியியல் படிக்கப் போன யாழ்ப்பாணத்து மாணவன். கோடை விடுமுறைகளில் மாணவர்களைத் தொண்டர் படையாகச் சேர்த்து வேலைக்கு அனுப்புவார்களாம். ஒரு கோடை, சைபீரியாவிலிருந்து ஐரோப்பா வரைக்கும் எரிவாயு கொண்டுபோகிற பெரிய குழாய்ப் பாதைக்கு அவரை அனுப்பினார்கள். சதுப்பும் நுளம்பும் முடிவில்லாத வெளிச்சமும். தகப்பனாருக்கு யாழ்ப்பாணத்தில் புகைப்பட ஸ்ரூடியோ இருந்தது. படம் கழுவத் தெரியும் என்று இவர் சொல்லிவிட்டார். உடனே ஒட்டுகளை எக்ஸ்றே எடுக்கிற லொறியில் ஏற்றிவிட்டார்கள். லொறியின் பாதி இருட்டறை.

அதற்குப் பிறகு நான் அந்தப் பக்கம் வேலைக்குப் போனபோதெல்லாம் அவர் வீட்டில் ஒரு தேத்தண்ணி. ஃபேர்னஸ் நன்றாகத்தான் ஓடியது. நான் போனது குழாய்க்காக.

அந்தக் குழாய்க்குள் ஒரு ஆள் கொஞ்சம் குனிந்தால் நடந்து போகலாம். அதை ஒட்ட இரண்டு வெல்டர்கள் வேண்டும். ஒருவர் இடது பக்கம், மற்றவர் வலது பக்கம். இருவரும் உச்சியில் தொடங்குவார்கள், மணிக்கூட்டில் பன்னிரண்டு இருக்கிற இடத்தில். அங்கிருந்து ஆளுக்கொரு பக்கமாகக் கீழே இறங்கி, ஆறு இருக்கிற இடத்தில் சந்திப்பார்கள். நடுவில் குழாய், ஒருவர் முகம் மற்றவருக்குத் தெரியாது. நெருப்பு சீறுகிற சத்தத்தை வைத்தே, மற்றவன் இப்போது மூன்றில் நிற்கிறான், நாலில் நிற்கிறான் என்று அறிவார்கள். கடைசிப் பகுதிக்குச் சேற்றில் மல்லாந்து படுக்கவேண்டும். உருகிய இரும்புப் பொறி கழுத்துப் பட்டிக்குள் விழும். விழுந்தாலும் கையை அசைக்கக் கூடாது.

“தொடங்கின ஒட்டைப் பாதியிலை விட்டா இரும்பு குளிர்ந்து வெடிச்சுப் போயிடும். மழை வந்தா மேலை கூடாரம் பிடிப்பாங்கள். நுளம்பு வந்தா பக்கத்திலை நிக்கிறவன் அவன்ரை முகத்திலை அடிப்பான். அடிக்கிறவனுக்கு அது ஒரு சந்தோசம், பழைய கோபமெல்லாம் தீரும்.”

முடிந்ததும் வெல்டர் ஒட்டுக்குப் பக்கத்தில் தன் அடையாள எண்ணை இரும்பில் குத்துவார். எத்தனை வருடம் கழித்து மண்ணைத் தோண்டினாலும், இது யாருடைய கை என்று அங்கே இருக்கும். நான் இருபது வருடத்தில் தொட்ட ஒரு பொருத்திலும் என் பெயர் இல்லை. அந்தக் கதையைக் கேட்ட நாளில் 401இல் ஊர்ந்துகொண்டு நெடுநேரம் அதையே யோசித்தேன்.

சறுக்குக் கட்டைகளில் நிற்கும் தகர வண்டிகள்தான் வீடு. ஒரு வண்டிக்கு எட்டுப் பேர். உக்ரேனியன், ஆர்மேனியன், மொல்டாவியன், தத்தார். அடுப்பைச் சுற்றிக் காயவைத்த பதினாறு சப்பாத்துகள். கிழமைக்கொரு நாள் நீராவிக் குளியல். துருப்பிடிக்காமல் குழாய்க்கு நாடா சுற்றுகிற பெண்கள், தார் மணக்கிற கையால் தலை பின்னிக்கொண்டு பாட்டுப் பாடுவார்களாம். இவரை எல்லோரும் கூப்பிட்டது ‘செய்லோன்’ என்று. தேயிலைப் பெட்டியில் இலங்கையின் பெயர் அப்படி எழுதியிருந்தது. யாராவது கேத்தலை அடுப்பில் வைத்தால், “செய்லோனை அவிக்கிறம், வாங்கோ!” என்று முகாம் முழுக்கக் கத்துவார்கள்.

அண்ணை மிகவும் மெச்சியது ஒரு வெல்டரை. உக்ரேனியன், முப்பது வயதிருக்கும். அவர் ஒட்டியதில் ஒன்றுகூடப் பிழை என்று வெட்டப்பட்டதில்லை. “ஒண்டுகூட இல்லைத் தம்பி. படத்தைக் கழுவி வெளிச்சத்திலை பிடிச்சா ஆத்திலை அலை படுத்த மாதிரி ஒரே சீராக் கிடக்கும்.” ஒருநாள் அந்த வெல்டர் ஒட்டிக்கொண்டிருக்கும்போது ஹெலிகொப்ரர் பாணும் தந்தியும் கொண்டுவந்தது. ஊரில் அவருக்குப் பெண் குழந்தை. முகாமின் சமையல்காரி அந்தத் தந்தியை வாங்கி ஏப்ரன் பைக்குள் வைத்துக்கொண்டு, ஒட்டு முடியும்வரை இரண்டு மணித்தியாலம் வாயே திறக்கவில்லை. நெருப்புப் பிடித்திருக்கிறவனுக்கு நல்ல செய்தியும் சொல்லக்கூடாது என்பது அங்கே வழக்கம். இந்தக் கதையை அண்ணை எனக்கு நாலு தரமாவது சொல்லியிருப்பார். நாலு தரமும் கண் கலங்கியது.

போன மாரிக் குளிரில் எற்றோபிக்கோவில் ஒரு வீட்டுக்கு அழைப்பு. கதவைத் திறந்தவர் நாற்பது தாண்டிய ஒரு பெண். ரஷ்ய யுத்தம் தொடங்கிய பிறகு உக்ரைனிலிருந்து தகப்பனோடு வந்தவராம். நான் பேஸ்மன்றில் வேலை செய்யும்போது அந்தத் தகப்பன் இறங்கி வந்தார். பெரிய உருவம், வெள்ளைத் தலை, கழுத்தில் மிளகு தூவினதுபோலப் பழைய சூட்டுக் காயங்கள். என் பக்கத்தில் முழங்காலில் இருந்து, வாயுக் குழாயின் பின்பக்கத்தை விரலால் தடவிப் பார்த்தார். அண்ணையின் வீட்டுக்குப் பிறகு நான் ஒரு கண்ணாடி வாங்கி வைத்திருந்தேன். எடுத்துக் கொடுத்தேன். பார்த்தார். “ம்” என்றார்.

அப்படி “ம்” சொல்கிற இரண்டு பேர் ஒரே இடத்தில் பழகியவர்களாகத்தான் இருக்கவேண்டும் என்று என் முதுகுத் தண்டு சொன்னது. மகளிடம் கேட்டேன்: தகப்பன் வெல்டரோ? பெரிய குழாய்ப் பாதையில் வேலை செய்தவரோ? ஆம் என்றார். அங்கே இலங்கை மாணவன் ஒருவனைத் தெரியுமா என்று கேளுங்கள் என்றேன். கேட்டார். கிழவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். “செய்லோன்!” என்றார். பிறகு மேலே போய்க் கேத்தலை அடுப்பில் வைத்துவிட்டார்.

வண்டியில் ஏறியதும் அண்ணைக்கு அழைத்து, கிழவரின் பெயரைச் சொன்னேன். துள்ளிக் குதிப்பார் என்று நினைத்தேன்.

“ஆர்? அவரோ?” என்றார். “சரி தம்பி. நான் பிறகு எடுக்கிறன்.”

எடுக்கவில்லை. இரண்டு கிழமை. நான் எடுத்தாலும் அவர் மனைவி, அக்காதான் பேசினார்: “மனிசன் சரியாச் சாப்பிடுறேல்லை தம்பி. நீர் என்னத்தைச் சொன்னனீர்?”

மூன்றாம் கிழமை நேரே போனேன். மேசையில் ஒரு நீண்ட அட்டைக் குழல். கியெவில் வாங்கிய பட்டச் சான்றிதழைச் சுருட்டி வைத்திருப்பது. அதற்குள்ளிருந்து சான்றிதழோடு சேர்த்துச் சுருட்டியிருந்த இன்னொன்றை உருவினார். ஒரு முழ நீள எக்ஸ்றேப் பட்டி. விரித்து யன்னல் வெளிச்சத்தில் பிடித்தார். முழுக்கக் கறுப்பு. ஒரு கோடுகூட இல்லை.

“இது அவற்றை ஒட்டு,” என்றார். “அந்தத் தந்தி வந்தண்டைக்கு ஒட்டினது. பகல் படம் எடுத்து, இரவு பத்து மணிக்குக் கழுவிக்கொண்டிருந்தனான். மருந்து மணம் தாங்கேலாமல் கதவைத் திறந்தன். எங்கட ஸ்ரூடியோவிலை இரவிலை அப்பிடித்தான் திறக்கிறது. இரவுதானே, இருட்டுத்தானே. அங்கை கோடையிலை ஏது இருட்டு? வெயில் அடிக்குது! மூளைக்குத் தெரியும் தம்பி. கைக்குத் தெரியாது. கை யாழ்ப்பாணத்திலை நிண்டது.”

“திருப்பி எடுக்கிறதுதானே அண்ணை?”

“அதுதானே. படம் சரியெண்டு கையெழுத்து விழுந்தாப் பிறகுதான் குழாய்க்கு நாடா சுத்தி அகழிக்குள்ளை இறக்கவேணும். அது சட்டம். ஆனா அண்டைக்கு மழை வரப்போகுதெண்டு முதலே இறக்கிப்போட்டாங்கள். அவற்றை ஒட்டெல்லோ, பிழைக்காது எண்ட நம்பிக்கை. நான் சொன்னா முழுத் துண்டையும் திருப்பித் தூக்கவேணும். என்னைத் திருப்பி அனுப்புவாங்கள்.”

அதனால் அவர் செய்தது இதுதான். மேலே கிடந்த அடுத்த ஒட்டை இரண்டாம் முறை படம் எடுத்தார். எடுக்கும்போது ஈய எண்களை மாற்றி வைத்தார். ஒட்டுக்கு மேலே வைக்கிற ஈய எண்கள்தான் படத்தில் வெள்ளையாக விழுந்து, இது எந்த ஒட்டு என்று சொல்லும். ஆக, ஒரு நல்ல ஒட்டின் படம், இன்னொரு ஒட்டின் எண்ணோடு படப் பெட்டிக்குள் போய்விட்டது. அகழிக்குள் கிடந்த ஒட்டின் அடிப்பக்கத்தை ஒருவரும் பார்க்கவில்லை.

“நாப்பது வருசத்துக்கு மேலை அந்தப் பாதையிலை எங்கையாவது வெடிப்பு எண்டு செய்தி வந்தா, நான் முதலிலை பாக்கிறது எந்த இடமெண்டு. இப்ப அந்த வழியாலை வாயு ஓடுறேல்லையாம். இனி வெடிக்காது. ஆனா மனம் விடுகுதில்லை. அந்த மனிசன் தன்ரை ஒரு ஒட்டும் பிழைச்சதில்லை எண்டு நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு இருக்கிறார். ஒரு ஒட்டு சோதிக்கப்படவே இல்லை எண்டு எனக்கு மட்டும் தெரியும். நான் எந்த முகத்தோட போய் அவற்றை தேத்தண்ணியைக் குடிக்கிறது?”

“சொல்லிப்போட்டுக் குடியுங்கோ,” என்றேன். குமிழி வந்தால் வாடிக்கையாளரிடம் சொல்லிவிடுவேன், எனக்குத் தெரிந்தது அதுதான்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவரை ஏற்றிக்கொண்டு எற்றோபிக்கோவுக்குப் போனேன். மடியில் அந்த அட்டைக் குழல். வழி முழுக்க, “இதிலை திரும்பிப் போகலாமே?” என்று ஒவ்வொரு எக்ஸிற்றிலும் கேட்டார். நேர்த்திக்கடன் தீர்க்காமல் கோவிலுக்குள் நுழைகிறவர்போல, வாசலில் சப்பாத்தைக் கழற்றி மூன்று தரம் ஒழுங்காக வைத்தார்.

கிழவர் அவரைக் கட்டிப்பிடித்து நிலத்திலிருந்து தூக்கிவிட்டார். அந்த வயதில்! மகள் சிரித்துக்கொண்டு மேசையில் பாணும் பீட்ரூட் சூப்பும் வைத்தார். கிழவர்கள் இருவரும் ரஷ்ய மொழியில் பேசினார்கள். அண்ணை எனக்காகத் துண்டு துண்டாகத் தமிழில் சொன்னார். சொல்லச் சொல்ல, அந்தப் பெரிய உக்ரேனியர் என் காதில் முழு யாழ்ப்பாணத்தார் ஆகிவிட்டார்.

“நான் மெலிஞ்சு போனனாம். கனடாவிலை சோறு இல்லையோ எண்டு கேக்கிறார்.”

ஆனால் அண்ணை கரண்டியைத் தொடவில்லை. திடீரென்று எழுந்து, குழலிலிருந்து பட்டியை உருவி மேசையில் வைத்தார். நின்றுகொண்டே சொன்னார். அதை எனக்கு மொழிபெயர்க்கவில்லை; தேவையும் இல்லை. கதவைத் திறக்கிற கை, எண்களை மாற்றி வைக்கிற விரல்கள், எல்லாம் காற்றில் நடந்தன. மகளின் முகத்தில் சிரிப்பு நின்றது. கிழவர் சூப்புக் கோப்பையைத் தள்ளி வைத்தார்.

பிறகு அவர் பேசினார். அண்ணை மொழிபெயர்க்க மறந்து, வாயைத் திறந்தபடி நின்றார். நான் முழங்கையால் இடித்தேன்.

“என்னவாம் அண்ணை?”

“தெரியுமாம்.”

“என்ன தெரியுமாம்?”

“எல்லாம் தெரியுமாம்! அடுத்த நாளே தெரியுமாம்!”

எக்ஸ்றே லொறியின் பொறுப்பாளர் ஒரு பெண். பெட்டியைச் சரிபார்க்கும்போது இரண்டு படங்களும் ஒரே ஒட்டுடையவை என்று கண்டுபிடித்துவிட்டார். ஒவ்வொரு ஒட்டுக்கும் ஒரு ரேகை இருக்கிறது, பெருவிரலைப் போல. அவர் மேலதிகாரியிடம் போகவில்லை, வெல்டரிடம் போனார். வெல்டர் சொன்னாராம்: செய்லோனைக் கேட்கவேண்டாம், அவன் லொறிக்குப் பின்னால் நின்று அழுகிறான், நான் பார்த்தேன். என்னுடைய ஒட்டை நானே பார்க்கிறேன்.

மற்றவர்கள் நீராவிக் குளியலுக்குப் போன நாளில், வெல்டரும் அந்தப் பெண்ணும் அகழிக்குள் இறங்கினார்கள். மழைத் தண்ணீரை வாளியால் இறைத்தார்கள். அவர் தண்ணீரில் மல்லாந்து படுத்து, சுற்றியிருந்த நாடாவை வெட்டி உரித்தார். அந்தப் பெண் படம் எடுத்தார். கழுவிக்கொண்டு வந்து காட்டினார்.

“பிறகு?”

அண்ணையின் குரல் இறங்கியது. “ஓட்டை இருந்ததாம் தம்பி. அரிசி அளவிலை ஒரு குமிழி. அஞ்சு மணி இடத்திலை.”

கிழவர் எழுந்து யன்னலடிக்குப் போனார். கறுப்புப் பட்டியை வெளிச்சத்தில் பிடித்தார். ஒன்றும் தெரியாத அந்தக் கறுப்பின் குறுக்கே சுட்டுவிரலை மெல்ல இழுத்துக்கொண்டு போய், ஓரிடத்தில் நிறுத்தினார். மகளைக் கூப்பிட்டார். ஏதோ சொன்னார். மகள் வாயைப் பொத்திக்கொண்டார்.

“அந்தச் சமையல்காரி இரண்டு மணித்தியாலம் பொறுத்தவ எண்டு நான் சொன்னனான் எல்லோ,” என்றார் அண்ணை. “பொறுக்கேல்லையாம். முக்கால்வாசி நேரம் பொறுத்துப்போட்டு, ஏலாமல், சமையல் வண்டி வாசலிலை நிண்டு ‘பெட்டைக் குஞ்சு!’ எண்டு கத்திப்போட்டாவாம். அப்ப இவர் அஞ்சு மணி இடத்திலை. கை ஒரு சொடக்கு நேரம் நடுங்கினதாம். அந்த ஓட்டை இந்தப் பிள்ளை பிறந்ததாலை வந்த ஓட்டையாம்.”

குமிழியைக் குடைந்து எடுத்து, திரும்ப ஒட்டி, திரும்பப் படம் எடுத்து, நாடா சுற்றி, மேலே ஏறும்போது குளியல் முடிந்துவிட்டது. சேறும் தாருமாக வந்தவரைச் சமையல்காரி கரண்டியோடு துரத்தினாராம். பெட்டிக்குள் கடைசியில் இருந்தது உண்மையான படம். அண்ணை எடுத்த பொய்ப் படம் மூன்றாம் நாளே அடுப்புக்குள் போய்விட்டது.

அண்ணைக்குக் கோபம் வந்தது. நான் அவரை அப்படிப் பார்த்ததில்லை. ரஷ்ய மொழியில் கத்தினார், என் பக்கம் திரும்பித் தமிழிலும் கத்தினார்: “நாப்பது வருசம்! ஒருத்தர் எண்டாலும் எனக்கு ஒரு சொல்லுச் சொன்னதோ?”

கிழவர் தோளைக் குலுக்கினார். சொன்னால் அடுத்த படத்துக்கும் உன் கை நடுங்கியிருக்கும் என்றார். பிறகு, மகளைப் பார்க்காமல், மெதுவாக இன்னொன்று சொன்னார். அண்ணை அதை அவர் சொன்னபடியே சொன்னார்.

“‘ஒண்டும் பிழைச்சதில்லை’ எண்டு எல்லாரும் என்னைச் சொல்லேக்கை நானும் வாயைத் திறக்கேல்லை. நீ மட்டுமே ஒளிச்சனீ?”

கேத்தல் விசிலடித்தது. மகள் எழுந்து போய்த் தேத்தண்ணி ஊற்றினார். அண்ணை உட்கார்ந்து, கோப்பையை இரண்டு கையாலும் பிடித்துக் குடித்தார்.

நான் அந்தக் கிழவரின் கழுத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன், மிளகு தூவின காயங்களை. எவருக்கும் தெரியவராத ஒரு பிழை. சட்டப்படி எல்லாம் முடிந்துவிட்ட ஒரு வேலை. குளியலும் சுடுசோறும் காத்திருந்த நாளில், ஒரு மனிதன் சேற்றுத் தண்ணீரில் மல்லாந்து படுத்துத் தன் கையைத் தானே சோதித்திருக்கிறான். ஆயிரக்கணக்கான மைல் இரும்பு. அதற்குள் இப்படி எத்தனை அரிசி அளவு நேர்மைகள் மண்ணோடு மண்ணாகக் கிடக்கும்? அந்தச் சோவியத் நாடு இல்லை. வாயுவும் நின்றுவிட்டது. ஆனால் அந்த அஞ்சு மணி இடம் இன்னும் பிடித்துக்கொண்டுதான் இருக்கும்.

கிளம்பும்போது அண்ணை பட்டியைச் சுருட்டக் கை நீட்டினார். கிழவர் கொடுக்கவில்லை. “இது என்ரை ஒட்டு,” என்றாராம். மகள் ஏற்கெனவே அதை வாங்கி, குளிர்சாதனப் பெட்டிக் கதவில் காந்தம் வைத்து ஒட்டிவிட்டார். கறுப்புப் பட்டி. மகள் பிறந்த செய்தி வந்த நாளில் எடுத்த, மகளுடைய முதல் புகைப்படம்.

திரும்பும்போது 401 வழக்கம்போல ஊர்ந்தது. ஸ்காபரோவை நெருங்கும்போது அண்ணை அட்டைக் குழலை எடுத்துக் காதருகே வைத்து ஒரு தரம் ஆட்டினார். உள்ளே சான்றிதழ் தனியாக அங்குமிங்கும் ஓடி மோதியது.

“லூசாக் கிடக்குது தம்பி,” என்றார்.

“வீட்டை போய் எடுத்துச் சுவரிலை மாட்டுங்கோ அண்ணை. இவ்வளவு வருசமும் ஏன் மாட்டேல்லை?”

அவர் இன்னொரு தரம் ஆட்டிப் பார்த்தார்.

“ஆணி வைச்சிருக்கிறீரே?” என்று கேட்டார்.